இரவில் வந்துபோனது எது? சுண்டெலி முதல் மரநாய் வரை, தடயம் பார்த்து அடையாளம் காணும் முழுமையான வழிகாட்டி

தமிழ்நாட்டுச் சமவெளியின் வீடுகள், தோப்புகள், வயல்கள், மலையடிவாரத் தோட்டங்கள் ஆகியவற்றுக்கான வழிகாட்டி இது. அடர்காட்டுக்குள் நடந்து விலங்கு பார்ப்பது வேறு வேலை. அது இங்கே இல்லை.

புதிதாகத் தொடங்குபவர்கள் பெரும்பாலும் ஒரே இடத்தில்தான் தடுமாறுகிறார்கள். கண் இமைக்கும் நேரத்தில் ஓடி மறைந்த உருவத்துக்கு முதலில் ஒரு பெயரை வைத்துவிடுகிறார்கள். பிறகு கிடைக்கும் புழுக்கையையும் கால்தடத்தையும் அந்தப் பெயருக்குப் பொருத்தப் பார்க்கிறார்கள். இதைத் திருப்பிப் போட வேண்டும். முதலில் இடமும் நேரமும், அடுத்து புழுக்கை, கால்தடம், கடித்தடம், வளை. விலங்கின் உருவம் கடைசியில்தான்.

தவறாக அடையாளம் கண்டால் செய்யும் வேலையும் தவறாகிவிடும். சுண்டெலி 6 மி.மீ. இடைவெளியில் நுழைந்துவிடும், பெரிய எலிக்கு ஏறக்குறைய 12 மி.மீ. வேண்டும். எலி என்று நினைத்து 10 மி.மீ. கண்ணுள்ள கம்பிவலையை அடித்த வீட்டில் சுண்டெலி தாராளமாகப் புழங்கும்.

## 1. எடுத்து வைக்க வேண்டியவை

15 செ.மீ. பள்ளிக்கூட ஸ்கேல், டார்ச், செல்போன், ரப்பர் கையுறை, முகக்கவசம், ஒரு குறிப்பேடு, மாவு சலிக்கும் சல்லடை, அரை கிலோ கல் கோலமாவு, 30 செ.மீ. சதுரத்தில் வழவழப்பான கறுப்பு அட்டை அல்லது டைல்ஸ் துண்டு மூன்று.

ஸ்கேல் இல்லாமல் எடுத்த புழுக்கைப் படத்தால் பயனில்லை. 5 மி.மீ. புழுக்கையும் 15 மி.மீ. புழுக்கையும் படத்தில் ஒன்றுபோலவே தெரியும். ஸ்கேல் கைவசம் இல்லாவிட்டால் 10 ரூபாய் நாணயத்தை அருகில் வையுங்கள். அதன் விட்டம் 27 மி.மீ.

கோலமாவு என்றால் கல்மாவு, அரிசிமாவு கூடாது. அரிசிமாவைப் போட்டால் விடிவதற்குள் எறும்பு மொய்த்துத் தடம் கலைந்துவிடும், எலியும் நக்கிவிட்டுப் போகும். கடையில் கலர் மாவைத் தள்ளிவிடப் பார்ப்பார்கள். வெள்ளையே போதும்.

## 2. பெயரைக் கொஞ்சம் ஒதுக்கி வையுங்கள்

தமிழில் பல விலங்குப் பெயர்கள் தோற்றத்தைப் பார்த்து வைத்தவை; உறவைப் பார்த்து வைத்தவை அல்ல. மரநாய் நாயல்ல. புனுகுப்பூனை பூனையல்ல. இரண்டும் ஒரே குடும்பம். முள்ளெலி எலி இல்லை, பூச்சி தின்னும் வேறு இனம். முள்ளம்பன்றியோ பன்றியே இல்லை. நம் ஊர்க் கொறிவிலங்குகளிலேயே மிகப் பெரியது அதுதான், 10 கிலோவைத் தாண்டி வளரும்.

வீட்டுக்குள் அதிகம் குழப்புவது மூஞ்சூறு. அது எலியும் அல்ல, கொறிவிலங்கும் அல்ல. பிள்ளையாரின் வாகனத்தைச் சிலர் மூஞ்சூறு என்கிறார்கள், சிலர் பெருச்சாளி என்கிறார்கள். இந்தக் குழப்பம் அடுக்களை வரை வந்துவிட்டது.

கொறிவிலங்கா இல்லையா என்பதைப் பல் சொல்லிவிடும். மேலே இரண்டு, கீழே இரண்டு என உளி போன்ற வெட்டுப்பற்கள், அதற்குப் பின்னால் கடைவாய்ப்பல் வரை வெற்றிடம். இப்படி இருந்தால் அது கொறிவிலங்கு. வெட்டுப்பற்கள் வளர்ந்துகொண்டே இருப்பதால் எதையாவது கொறித்துத் தேய்த்தாக வேண்டும். மூஞ்சூறுக்கு வாய் நிறையச் சிறு கூர்பற்கள், வெற்றிடம் இல்லை. முயலுக்கு மேல் வெட்டுப்பற்களுக்குப் பின்னால் இன்னொரு குட்டி ஜோடி ஒளிந்திருக்கும். அதனால் முயலும் கொறிவிலங்குக் கணக்கில் வராது.

ஒரே பெயர் ஊருக்கு ஊர் வேறு விலங்கைக் குறிப்பதும் உண்டு. குள்ளநரி என்று சிலர் சொல்வது நரியை. வேறு சிலர் சொல்வது, வால்நுனி கறுத்த, அதைவிடச் சிறிய இன்னொரு விலங்கை. ஆகவே யாராவது பெயர் சொன்னால் அதைக் குறித்துக்கொண்டு, வால் எப்படி, காது எப்படி, எவ்வளவு பெரிது என்று கேட்டு அதையும் எழுதுங்கள்.

## 3. இடம், நேரம், உயரம்

தடயத்தைத் தொடும் முன் மூன்று கேள்விகளுக்குப் பதில் எழுதுங்கள். எங்கே? எத்தனை மணிக்கு? தரையிலிருந்து எவ்வளவு உயரத்தில்? இதிலேயே பாதி விலங்குகள் கழிந்துவிடும்.

பகலில் கூரையில் ஓட்டம் என்றால் அணிலோ பறவையோ. இரவில், விளக்கணைத்த சற்று நேரத்தில் தொடங்கும் கீறலும் கொறிப்பும் வீட்டெலி. அதைவிடக் கனமாக, ஓடு நொறுங்குமோ என்று நினைக்க வைக்கும் தடதடப்பு மரநாயாக இருக்கும். ஓட்டுவீடுகளிலும் பாழடைந்த மாடிகளிலும் அது பகலில் படுத்திருந்துவிட்டு இருட்டியபின் இறங்கும்.

உயரம் முக்கியமானது. தென்னை உச்சி, பரண், மின்கம்பி என்று ஏறித் திரிவது வீட்டெலி. பெருச்சாளி தரையோடு தரையாக, சாக்கடை, மதில் அடி, கழிவுத்தொட்டி ஓரம் என்று போகும். மூஞ்சூறும் ஏறாது, சுவரை ஒட்டியே ஓடும். பரணில் மூஞ்சூறு என்று யாராவது சொன்னால் சந்தேகப்படுங்கள்.

சுவரில் கறுப்பாக எண்ணெய்ப் பிசுக்கு படிந்த கோடு இருக்கிறதா என்றும் பாருங்கள். எலிகள் ஒரே வழியில் திரும்பத் திரும்பப் போவதால் உடலின் பிசுக்கு ஒட்டும். கூரை உத்தரத்தில் பிசுக்கு இருந்தால் அங்கே ஏறியது வீட்டெலி.

## 4. புழுக்கை

அதிகம் சொல்லும் தடயம் இதுதான். அவசரப்பட்டுப் பெருக்கித் தள்ளிவிடுவதால் அதிகம் வீணாவதும் இதுதான். முதலில் படம், பிறகுதான் துடைப்பம். துடைப்பமும் உலர்ந்த துடைப்பமாக இருக்கக் கூடாது. தூசி மூக்கில் ஏறும். கையுறை, முகக்கவசம் போட்டுக்கொள்ளுங்கள். ஒரு பங்கு ப்ளீச் திரவத்துக்குப் பத்துப் பங்கு தண்ணீர் கலந்து புழுக்கை மேல் தெளித்து, 5 நிமிடம் ஊறவிட்டு, பழைய துணியால் துடைத்து எடுங்கள்.

வீட்டுக்குள் கிடைப்பதைச் சிறியதிலிருந்து பெரியதாக வரிசைப்படுத்தினால் இப்படி வரும்.

சுண்டெலி: 3 முதல் 6 மி.மீ. சீரக சம்பா அரிசி அளவு, நுனி கூர்மை, பல இடங்களில் சிதறிக் கிடக்கும். ஒரு சுண்டெலி ஒரு நாளில் 50 புழுக்கைக்கு மேல் போடும் என்பதால் எண்ணிக்கையைப் பார்த்து “பத்து எலி இருக்கும்” என்று பயப்பட வேண்டாம்.

வீட்டெலி: ஏறக்குறைய 12 மி.மீ., நடுவில் பருத்து இரு முனையும் கூரானது, சற்றே வளைந்தது.

சாக்கடை எலி: 18 முதல் 20 மி.மீ., முனைகள் மழுங்கி கேப்சூல் மாத்திரை போல இருக்கும். துறைமுக நகரங்களில் பாருங்கள். உள்நாட்டு ஊர்களில் சாக்கடையிலிருந்து வருவது பெரும்பாலும் பெருச்சாளி.

சுண்டெலிப் புழுக்கையோடு குழம்பக்கூடியவை இரண்டு. ஒன்று பல்லி எச்சம். ஒரு முனையில் சுண்ணாம்புப் பொட்டு வைத்ததுபோல் வெள்ளை இருந்தால் அது பல்லி, எலியே இல்லை. மற்றொன்று பூச்சி தின்னும் சிறு வௌவாலின் எச்சம். அளவில் சுண்டெலிப் புழுக்கையேதான். கையுறையோடு ஒரு குச்சியால் அழுத்திப் பாருங்கள். வௌவால் எச்சம் பொடிப்பொடியாக உதிர்ந்து, டார்ச் வெளிச்சத்தில் பூச்சி இறகுத் துணுக்குகள் மினுக்கும். எலிப்புழுக்கை காய்ந்தால் கல்லாக இறுகும், உதிராது. பரணில் ஒரே இடத்தில் குவியலாகக் கிடந்தால் நேர் மேலே பாருங்கள். வௌவால் தொங்கும் இடுக்கு அங்கே இருக்கும்.

மூஞ்சூறின் எச்சத்திலும் பூச்சித் துணுக்கு இருக்கும். ஆனால் அது சுவர் மூலையில் ஈரமாக, நாற்றத்தோடு கிடக்கும். அந்தக் கஸ்தூரி நெடியை ஒருமுறை முகர்ந்தவருக்கு மறுபடி சந்தேகம் வராது.

வெளியே வந்தால், முயல் புழுக்கை ஒரு செ.மீ. அளவில் தட்டையான உருண்டை. உடைத்தால் உள்ளே புல்நார். ஆட்டுப் புழுக்கை அதைவிடக் கறுத்தும் நீண்டும் இருக்கும். புள்ளிமான் புழுக்கையும் ஆட்டினுடையதும் ஏறக்குறைய ஒன்றுபோலவே இருப்பதால், மேய்ச்சல் ஆடு வரும் இடத்தில் புழுக்கையை மட்டும் வைத்து மான் என்று எழுதாதீர்கள். முள்ளம்பன்றியின் புழுக்கை பேரீச்சங்கொட்டை வடிவம். நாரால் ஒன்றோடொன்று கோத்த மாலை போலவும் கிடக்கும்.

மதில் உச்சி, மாடித் தளம், பாறை, விழுந்த மரம் போன்ற மேடான இடங்களில் பழக்கொட்டைகள் அப்படியே தெரியும் மலம் கிடந்தால் மரநாய். ஆற்றுப் பாறையில் மீன் செதிலாக நிறைந்த, மீன் வாடை வீசும் மலம் நீர்நாய். காவிரிக் கரையில் இதைப் பார்க்கலாம். நடைபாதையின் நடுவில் மயிரும் எலும்புத் துணுக்கும் இலந்தைக் கொட்டையும் கலந்து, முனை முறுக்கிக் கிடப்பது நரி.

புதியதா பழையதா என்பதை நிறத்தில் பார்க்கலாம். புதியது கறுத்துப் பளபளக்கும், குச்சியால் அழுத்தினால் அமுங்கும். ஓரிரு நாளில் மங்கி இறுகிவிடும். பழைய புழுக்கையை வைத்து, போய்விட்ட எலிக்குக் கூண்டு வைப்பவர்கள் நிறைய. சந்தேகமாக இருந்தால் எல்லாவற்றையும் துடைத்துவிட்டு மறுநாள் காலை பாருங்கள். புதிதாக விழுந்திருப்பதுதான் கணக்கு.

## 5. மாவுத்தட்டில் கால்தடம் எடுப்பது

கறுப்பு அட்டையின் மேல் கல்மாவைச் சல்லடையால் ஒரு மி.மீ. கனத்துக்குச் சலியுங்கள். அதற்கு மேல் கனமாகப் போட்டால் கால் புதைந்து விரல்கள் பிரிந்து தெரியாது. கையால் தூவினால் மேடுபள்ளமாகும்.

அட்டையைச் சுவரோடு ஒட்டி வையுங்கள். அறை நடுவில் வைத்த தட்டில் விடிய விடிய ஒன்றும் பதியாது; எலியும் மூஞ்சூறும் மீசைமயிர் சுவரில் படும்படி ஓரமாகத்தான் ஓடும். மின்விசிறியை நிறுத்துங்கள். வீட்டுப் பூனை இருந்தால் அதை வேறு அறையில் அடையுங்கள், இல்லாவிட்டால் முழு ஆராய்ச்சியும் அதன் காலடியைப் பற்றியதாகிவிடும்.

முதல் இரவு தடம் இல்லை என்றால் இடம் மாற்றாதீர்கள். பெரிய எலிகள் புதுப்பொருளைக் கண்டால் ஒதுங்கும். மூன்று இரவு அதே இடத்தில் விடுங்கள். சுண்டெலிக்கு இந்தக் கூச்சம் குறைவு, முதல் இரவே ஏறிவிடும்.

காலையில் டார்ச்சைத் தரையோடு சாய்த்துப் பக்கவாட்டில் அடித்துப் பாருங்கள். மேலிருந்து அடித்தால் நிழல் விழாது, தடம் மறைந்துவிடும். படத்தை மட்டும் நேர் மேலிருந்து, ஸ்கேலோடு எடுங்கள்.

இனி விரல்களை எண்ணுங்கள். முன்காலில் 4, பின்காலில் 5 என்றால் கொறிவிலங்கு. சுண்டெலி, அணில், முள்ளம்பன்றி எல்லாவற்றுக்கும் இது பொது. முன்னும் பின்னும் 5 என்றால் மூஞ்சூறு, கீரி, மரநாய், புனுகுப்பூனை. முன்னும் பின்னும் 4 என்றால் நாய், நரி, பூனை வகை. ஒரே ஒரு தடத்தை வைத்து எண்ணி முடிவுக்கு வராதீர்கள். பின்கால் முன்கால் தடத்தின் மேலேயே விழுந்து விரல் எண்ணிக்கை கூடியோ குறைந்தோ தெரியும். தெளிவான நான்கைந்து தடங்களாவது வேண்டும்.

அளவுக்கு ஒரு தோராயம்: சுண்டெலியின் பின்பாதம் 15 முதல் 18 மி.மீ., வீட்டெலியுடையது 30 மி.மீ.க்கு மேல். ஆனால் ஓடும்போது குதிகால் தரையில் படாது என்பதால் தடம் இதைவிடக் குட்டையாகவே விழும்.

தோட்டத்தில் மாவுக்குப் பதில் ஈரமணல். சலித்த மணலை ஒரு மீட்டர் நீளத்துக்குப் பரப்பி, தண்ணீர் தெளித்து, பலகையால் இழுத்துச் சமப்படுத்துங்கள். இங்கே பெரிய விலங்குகளின் தடம் விழும், அதோடு சிறுத்தைப் பீதியும் வரும். சிறுத்தை என்று காட்டப்படும் தடங்களில் பல, ஊர் நாயினுடையவை. நாய்த் தடத்தில் விரல் நுனியில் நகம் பதியும். பூனை வகை நடக்கும்போது நகத்தை உள்ளிழுத்துக்கொள்ளும், பதியாது. வீட்டுப் பூனையின் தடம் சுமார் 3 செ.மீ. அகலம், காட்டுப்பூனை அதைவிடச் சற்றுப் பெரிது, சிறுத்தை 7 செ.மீ. அளவிலோ அதற்கு மேலோ. நரித் தடம் நாயினுடையதைவிட ஒடுங்கி நீண்டிருக்கும். நடு இரு விரல்களின் திண்டுகள் (அடிப்பக்கச் சதை மேடுகள்) அடியில் ஒட்டியிருப்பது அதன் தனி அடையாளம்.

முயல் தாவும்போது இரண்டு பின்கால்களும் முன்னால், அருகருகே விழும். முன்கால்கள் இரண்டும் பின்னால், ஒன்றன்பின் ஒன்றாக. எந்தத் திசையில் போனது என்பதைப் புதியவர்கள் இங்கேதான் தலைகீழாகச் சொல்வார்கள்.

## 6. கடித்தடம்

மரச்சட்டம், சோப்பு, மின்கம்பி உறை எதுவானாலும் பற்கோட்டின் அகலத்தை அளந்து பாருங்கள். ஜோடியாக 1 முதல் 2 மி.மீ. என்றால் சுண்டெலி, 3.5 முதல் 4 மி.மீ. என்றால் பெரிய எலி. கொறித்த தடமே இல்லாமல் கரப்பான் இறகுகள் மட்டும் சிதறிக் கிடந்தால் மூஞ்சூறை நினையுங்கள். அது தானியத்தைத் தேடி வருவதில்லை, கரப்பானைத் தேடி வருகிறது. விரட்டுவதற்கு முன் ஒருமுறை யோசிக்கலாம்.

தென்னையில் குரும்பையும் இளநீரும் காம்புப் பக்கம் ஓட்டை விழுந்து மரத்தடியில் கிடந்தால் வீட்டெலி. மட்டைகளுக்கு இடையில் கூடு கட்டி மரத்திலிருந்து மரத்துக்கு ஓலை வழியாகவே தாவும் என்பதால் தரையில் தேடினால் கிடைக்காது.

பொள்ளாச்சிப் பக்கம் தென்னைக்கு ஊடுபயிராகக் கோகோ வைத்திருப்பவர்களுக்கு எளிமையான ஒரு சோதனை உண்டு. காயில் காம்பை ஒட்டி ஓட்டை இருந்தால் எலி, காயின் நடுவில் இருந்தால் அணில். அணில் பகலில் வரும், எலி இரவில். காவல் எப்போது வேண்டும் என்பதை இந்த ஓட்டை சொல்லிவிடும்.

நெல்லில் தூர்கள் சாய்வாக, கத்தியால் சீவியதுபோல் அறுபட்டிருந்தால் எலி. வரப்போரம் பயிர் நன்றாக நின்று நடுவயலில் வட்டமாகச் சேதம் இருப்பது எலியின் வழக்கம். வரப்பில் நின்று பார்த்துவிட்டுப் போனால் தெரியாது, உள்ளே இறங்க வேண்டும். வேரோடு கிளறி, பயிர் படுத்து, சேறு புரண்டிருந்தால் காட்டுப்பன்றி. தண்டு அறுபடாமல் கதிரின் மணிகள் மட்டும் உருவப்பட்டிருந்தால் மயில் போன்ற பறவை.

கரும்பில் அடிக்கணுக்களைக் குடைந்திருப்பது எலி. கரும்பை ஒடித்துச் சக்கையாக மென்று துப்பியிருப்பதை நரியும் செய்யும், பன்றியும் செய்யும். கால்தடம் பார்க்காமல் எதையும் சொல்ல முடியாது. மரவள்ளிக்கிழங்கைத் தோண்டித் தின்றிருந்தால் சுற்றிலும் முள் விழுந்திருக்கிறதா என்று தேடுங்கள். கறுப்பு வெள்ளைப் பட்டையோடு ஒரு முள் கிடைத்தால் முள்ளம்பன்றிதான், வேறு சாட்சி தேவையில்லை.

## 7. வளைகளைப் படிப்பது

விதிமுறை ஒன்றுதான்: எந்த வளைக்குள்ளும் கையை விடாதீர்கள். பாம்பு தானாக வளை தோண்டுவதில்லை, எலி தோண்டியதில் குடியேறும்.

வரப்பில் வளை வாய்க்கு வெளியே புதுமண் குவிந்து, வாயும் மண்ணால் அடைக்கப்பட்டிருந்தால் கரம்பை எலி. அது பகலில் உள்ளிருந்தே வாயை அடைத்துக்கொள்ளும். உள்ளே நெற்கதிர்களைச் சேமித்து வைப்பதும் இதுதான். இருளர்கள் வளையை வெட்டும்போது எலியோடு நெல்லும் கிடைப்பது அதனால்தான்.

புன்செய்க் காட்டில், வறண்ட செம்மண்ணிலோ மணலிலோ, மண் அடைப்பு இல்லாமல் திறந்தே கிடக்கும் வளைகள் பல அருகருகே இருந்தால் வெள்ளெலி. கரிசல் மண் வெடிப்புகளிலும் சிறு வளைகளிலும் இருப்பது புல் எலி. இரண்டு விரல் நுழையும் அளவுக்குச் சிறு துளை வயல் சுண்டெலியினுடையது.

நண்டு வளையை எலி வளை என்று எண்ணுவது நஞ்சையில் மிகச் சாதாரணமான பிழை. நண்டு வளை நீர்மட்டத்தை ஒட்டி, வாய் வழவழப்பாக, சுற்றிலும் ஈரச்சேற்று உருண்டைகளோடு இருக்கும். எலி வளையின் மண் பொலபொலப்பாக விசிறிக் கிடக்கும்.

ஆள் இருக்கிறதா இல்லையா என்று அறிய, மாலையில் எல்லா வளை வாய்களையும் மண்ணால் மூடி ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் ஒரு குச்சி நடுங்கள். மறுநாள் காலையில் திறந்திருப்பவை மட்டுமே குடியிருக்கும் வளைகள். குச்சி நடாமல் மூடியவர்கள், காலையில் எதை மூடினோம் என்றே தெரியாமல் வரப்பில் நின்றுகொண்டிருப்பார்கள். ஒரே எலிக்குப் பல வாய்கள் இருக்கும் என்பதால் திறந்த வாய்களின் எண்ணிக்கையை எலிகளின் எண்ணிக்கை என்று எடுத்துக்கொள்ளக் கூடாது.

பாறை இடுக்கில் பெரிய வளை, வாயருகே கொறித்த எலும்புகள், உதிர்ந்த முட்கள் என்றால் முள்ளம்பன்றியின் இருப்பிடம். அது எலும்பைத் தூக்கி வந்து பல்லைத் தேய்க்கக் கொறிக்கும்; இதைப் பார்த்துச் சிறுத்தைக் குகை என்று கிளம்பிய வதந்திக்கும் குறைவில்லை.

## 8. எலி கையில் கிடைத்தால்: வாலும் காதும்

கூண்டு வைப்பதானால் முதல் மூன்று நாள் கதவைக் கட்டித் திறந்தே விட்டு இரை மட்டும் வையுங்கள், நான்காம் நாள் பொறியை ஏற்றுங்கள். சுட்ட தேங்காய்த் துண்டு, நிலக்கடலை, மசால் வடை எதுவும் ஆகும். கருவாடு வைத்தால் மூஞ்சூறும் வந்து மாட்டும். விடிந்ததும் கூண்டைப் பாருங்கள். வெயிலில் விட்டால் செத்துப்போகும். பசை அட்டை வேண்டாம், பல்லியும் மூஞ்சூறும்தான் அதிகம் ஒட்டும்.

கூண்டின் வெளியிலிருந்தே பார்க்க வேண்டியவை நான்கு: வால், காது, மூக்கு, வயிற்றின் நிறம். செத்த எலியாக இருந்தால் கையுறையோடு வாலை முதுகின் மேல் மடித்து மூக்கு நோக்கி நீட்டுங்கள்.

வால் மூக்கைத் தாண்டுகிறது, காது பெரிதாக மெல்லியதாக இருக்கிறது, உடல் ஒடிசல்: வீட்டெலி. வால் உடலைவிடக் குட்டை, காது சிறிது, மூக்கு மழுங்கல்: சாக்கடை எலி அல்லது கரம்பை எலி. கரம்பை எலி கறுத்த பழுப்பு, சீண்டினால் முதுகு மயிரைச் சிலிர்த்து உறுமும். அதே சிலிர்ப்பு, அதே உறுமல், ஆனால் பூனைக்குட்டியைவிடப் பெரிது என்றால் பெருச்சாளி; ஒரு கிலோவை எட்டும்.

வால் நீளம், நுனியில் கறுப்புக் குஞ்சம், வயிறு தூய வெள்ளை, கண் பெரிது, பின்கால் நீளம்: வெள்ளெலி. ஆய்வகத்தில் வளர்க்கும் வெள்ளை நிற எலியோடு இதற்குச் சம்பந்தமில்லை, இதன் முதுகு மணல் நிறம்தான். மயிர் பஞ்சுபோல மென்மை, வால் மேலே கறுத்துக் கீழே வெளுத்து இருந்தால் புல் எலி. உள்ளங்காலைத் திருப்பிப் பார்த்தால் மற்ற எலிகளுக்கு உள்ள 6 திண்டுகளுக்குப் பதில் 4 அல்லது 5 தான் இருக்கும்.

சுண்டெலியா, வீட்டெலிக் குட்டியா என்ற சந்தேகம் எல்லோருக்கும் வரும். குட்டிக்குத் தலையும் பாதமும் உடலுக்குப் பொருந்தாமல் பெரிதாக இருக்கும். வளர்ந்த சுண்டெலி 15, 20 கிராம்தான், ஆனால் அளவாகச் செதுக்கியதுபோல் இருக்கும். மூக்கு நீண்டு வாயைத் தாண்டித் துருத்தி, கண் கடுகளவே இருந்தால் மூஞ்சூறு, திறந்து விட்டுவிடுங்கள்.

## 9. எலியல்லாத மற்றவை, சுருக்கமாக

அணில்: முதுகில் வெளிர்க்கோடுகளை எண்ணுங்கள், கறுப்பை அல்ல. நம் ஊர் அணிலுக்கு 3. வட இந்தியப் படங்களில் 5 கோடு இருக்கும், அது வேறு இனம். மலையில் பூனை அளவு அணிலைப் பார்த்தால் செம்பழுப்பும் வெளிர்நிறமும் கலந்தது மலை அணில். சாம்பல் பூத்தது சாம்பல் நிற மலை அணில். பின்னதற்காக 1988இல் ஸ்ரீவில்லிபுத்தூரில் சரணாலயம் அறிவிக்கப்பட்டது.

முதுகில் கோடே இல்லாமல், மூக்கு கூராக, தோளில் மட்டும் ஒரு வெளிர்க்கோட்டோடு ஏலகிரி போன்ற குன்றுகளில் அணில் மாதிரி ஒன்று ஓடினால் அது மூங்கில் அணில். அணிலே அல்ல, தனி இனம். அதன் அறிவியல் பெயரான அனத்தானா தமிழ் ‘மூங்கில் அணத்தா’னிலிருந்து போனது.

கீரி: வால்நுனியைப் பாருங்கள். வெளிறியிருந்தால் சாதாரணக் கீரி. நுனி கறுத்து, மேல்நோக்கி வளைந்திருந்தால் செங்கீரி. மேற்குத்தொடர்ச்சி மலையில் கழுத்தில் கருங்கோடு இருந்தால் மூன்றாவது வகை.

மரநாய்க்கு முகத்தில் முகமூடி போட்டதுபோல் கறுப்பு, வாலில் வளையம் கிடையாது. புனுகுப்பூனைக்கு வால் முழுக்க வளையம், உடலில் புள்ளி வரிசை, பெரும்பாலும் தரையில் நடமாட்டம்.

தென்மாவட்ட வறண்ட நிலங்களில் தொட்டதும் பந்தாகச் சுருள்வது முள்ளெலி. உடலில் முள்ளுக்குப் பதில் செதில் இருந்தால் அழுங்கு. இரவில் டார்ச் அடித்ததும் மரக்கிளையில் இரண்டு ஆரஞ்சு நிறக் கண்கள் அசையாமல் மின்னி, வாலே இல்லாமல் மெதுவாக நகர்ந்தால் தேவாங்கு. கடவூர்க் காடுகளில் 2022இல் இதற்கெனத் தனிச் சரணாலயமே அறிவிக்கப்பட்டது.

## 10. பதிவு செய்வதும் அதற்குப் பிறகும்

ஒவ்வொரு தடயத்துக்கும் ஒரு வரி எழுதுங்கள்: தேதி, நேரம், இடம், உயரம், அளவு, படத்தின் எண். கடைசியில்தான் விலங்கின் பெயர். வேறு வேறு வகைத் தடயங்கள் இரண்டு, உதாரணமாகப் புழுக்கையும் கால்தடமும், ஒரே விலங்கைக் காட்டினால் பெயரை எழுதலாம். ஒன்றே கிடைத்தால் கேள்விக்குறி போட்டு விடுங்கள்.

ஐநேச்சுரலிஸ்ட் செயலியில் படத்தை ஏற்றினால் மற்றவர்கள் சரிபார்ப்பார்கள். செயலி தானாகப் பரிந்துரைக்கும் பெயரை அப்படியே ஏற்காதீர்கள். எலிகளில் அது நிறையவே தடுமாறும். அழுங்கு, தேவாங்கு, குட்டி போட்டிருக்கும் எந்த விலங்கு என்றாலும் இருப்பிடத்தை மறைத்து ஏற்றுங்கள். வேட்டைக்காரர்களும் செல்போன் வைத்திருக்கிறார்கள்.

வீட்டெலி, சுண்டெலி, வயல் எலிகளைக் கட்டுப்படுத்தத் தடையில்லை. கீரி, மரநாய், அழுங்கு, தேவாங்கு, உடும்பு ஆகியவை 1972ஆம் ஆண்டின் வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் வருகின்றன; பிடிப்பதும் அடைத்து வைப்பதும் குற்றம். கிணற்றில் விழுந்திருந்தாலோ வீட்டுக்குள் அடைபட்டிருந்தாலோ வனத்துறைச் சரக அலுவலகத்துக்குச் சொல்லுங்கள். மரநாய் பரணில் குட்டி போட்டிருந்தால் குட்டிகள் நடமாடத் தொடங்கும்வரை ஓட்டையை அடைக்காதீர்கள். தாய் வெளியே மாட்டிக்கொண்டால் கூரை ஓடுகளைப் பிரித்துக்கொண்டு உள்ளே வரப் பார்க்கும்.

எந்தக் காட்டுவிலங்கு கடித்தாலும் ஓடும் தண்ணீரில் சோப்புப் போட்டு 15 நிமிடம் கழுவிவிட்டு அன்றே மருத்துவமனைக்குப் போங்கள். கீரிக்கும் நரிக்கும் வெறிநோய் வரும். எலிச் சிறுநீர் கலந்த சேற்றில் காலில் புண்ணோடு நடந்தவருக்கு எலிக்காய்ச்சல் தொற்றலாம். வயலில் இறங்கும்போது பூட்ஸ் போடுங்கள். பிறகு காய்ச்சல் வந்தால், எலி வளை வெட்டிய விவரத்தை மருத்துவர் கேட்காவிட்டாலும் நீங்களே சொல்லிவிடுங்கள்.